ஏட்டுக்குமா பக்தர்கள்?

“நூறு பக்கம் படித்தேன். யார் யாருடன் போரிடுகிறார்கள் என்பதுகூட விளங்கவில்லை. மூடி வைத்துவிட்டேன்” என்கிறார் ஒருவர்.

“நூறு பக்கத்தில் விளங்கிவிட அது என்ன பாலர் பாடமா? மூன்றாம் தொகுதிவரை பொறுத்திரும், பிறகு பேசும்” என்கிறார் மற்றொருவர்.

முன்னவர் குரலில் சலிப்பு. பின்னவர் குரலில் பரவசம். இருவரும் பேசுவதோ ஒரே ஏட்டைப்பற்றி! கனடா நாட்டு எழுத்தாளர் ஸ்டீவன் எரிக்சன் எழுதி, 1999-ல் இங்கிலாந்தில் வெளிவந்த ‘கார்டன்ஸ் ஆஃப் தி மூன்’ — நிலவின் தோட்டங்கள் — என்னும் புதினம் அது. மலாசன் பேரரசு என்னும் கற்பனைப் பேரரசின் கதை. பத்துத் தொகுதிகளாக வளர்ந்து 2011-ல் முடிந்த பெருங்காவியத்தின் முதல் தொகுதி. தொடங்கியவர் பலர், முடித்தவர் சிலர். தொடங்கியவரும் முடித்தவரும் ஓயாமல் வழக்காடிக்கொண்டிருக்கிறார்கள்.

இந்த வழக்கு புதிதன்று. டோல்கீனின் ‘மோதிரங்களின் தலைவன்’ 1954-லும் 1955-லும் வெளிவந்தபோதே தொடங்கியது. அமெரிக்கத் திறனாய்வாளர் எட்மண்ட் வில்சன் 1956-ல் அதனைச் சிறுபிள்ளைக் கதையென எள்ளி நகையாடினார். அதே ஆண்டில் கவிஞர் ஆடன் அதனைப் போற்றினார். இந்நூலைப்பற்றி நடுவான கருத்துடையார் எவரையும் காணோம் என்று வியக்கவும் செய்தார். எரிக்சனும், தம் நூலின் பிற்காலப் பதிப்புக்கு எழுதிய முன்னுரையில், தம்மைப் படிப்போர் ஒன்று விரும்புகின்றனர், அல்லது வெறுக்கின்றனர் என்றே கூறுகிறார்.

விருப்பு, வெறுப்பு — இரண்டும் உணர்ச்சிகள். உணர்ச்சி பிழையன்று. ஆனால், உணர்ச்சிக்குக் காரணம் கேட்பது திறனாய்வின் கடமை. கேட்போமா?

ஏட்டை மூடியவரின் குற்றச்சாட்டை முதலில் எடுத்துக்கொள்வோம். “ஆசிரியர் எதையும் விளக்குவதில்லை” என்பது அது. உண்மைதான். நூலின் முகப்பிலே நிலப்படம் உண்டு. கதைமாந்தர் பட்டியல் உண்டு. முடிவிலே சொற்பொருள் அகரவரிசையும் உண்டு. எனினும் உள்ளே நுழைந்தவன் திசை தெரியாத நகரில் நள்ளிரவில் இறக்கிவிடப்பட்டவன் போலத் திகைக்கிறான். பேல் என்னும் நகரின் முற்றுகையைப் பாருங்கள். போர் எவ்வாறு மூண்டது, எத்தனை ஆண்டு நடந்தது என்ற வரலாறு வரிசையாக வரவில்லை. பிணங்கள் சிதறிய குன்றின்மேல், எரிந்த மண்ணின் நடுவே, டேட்டர்செயில் என்னும் மந்திரக்காரி நிற்கிறாள். அங்கிருந்து தொடங்குகிறது காட்சி. அவளுடன் நின்று போரிட்டவர்கள் மாண்டார்கள். நகரச் சுவருக்கு அடியில் சுரங்கம் தோண்டிக்கொண்டிருந்த வீரர்கள், சுரங்கம் இடிந்து, மண்ணுக்குள் உயிரோடு புதைந்தார்கள். பகைவனா கொன்றான்? பேரரசின் தலைமை மந்திரவாதியே சதி செய்தானா? அவள் ஐயுறுகிறாள், கலங்குகிறாள். அவளுக்குத் தெரிந்த அளவே நமக்கும் தெரிகிறது.

இது குற்றமா? எண்ணிப் பாருங்கள். சுரங்கத்தில் மண்வெட்டியோடு நின்றவனிடம் எந்தப் பேரரசி வந்து, “தோழனே, இன்ன காரணத்துக்காக உன்னைப் பலியிடுகிறேன்” என்று விளக்கினாள்? ஆணை மேலிருந்து வருகிறது. அடி கீழே விழுகிறது. காரணமோ அரண்மனைக்குள் தங்கிவிடுகிறது. வரலாற்று நூலில் போர் தெளிவாக இருக்கும்: அம்புக்குறி போட்ட படம் இருக்கும், வென்றவன் பெயர் இருக்கும். போரின் நடுவே நின்றவனுக்கு அந்தத் தெளிவு கிடைப்பதில்லை. எரிக்சன் தொல்லியலும் மானிடவியலும் பயின்றவர். மண்ணுக்கடியில் அகப்பட்ட ஓட்டுத் துண்டைக் கையிலெடுத்து, ‘இதை வைத்திருந்தவன் யார்? இந்த வீடு ஏன் எரிந்தது?’ என்று கேட்டுப் பழகியவர். அந்தப் பழக்கத்தையே வாசகனுக்கும் கற்பிக்கிறார். விடையை ஊட்டுவதில்லை, தடயத்தைத் தருகிறார்.

பள்ளியிலே பாடம் சொல்வது என் தொழில். “ஐயா, இந்தக் கதையில் நல்லவன் யார், கெட்டவன் யார்? முதலிலேயே சொல்லிவிடுங்கள்” என்று மாணவன் கேட்கும்போதெல்லாம் நான் அஞ்சுவதுண்டு. இன்று கதையில் கேட்கும் கேள்வியை நாளை அவன் நாட்டிலும் கேட்பான். சொல்ல ஆயிரம் பேர் ஓடி வருவர். சொன்னவன் பின்னே அவன் செல்வான்! இந்தப் புதினத்தில் அந்த வசதி இல்லை. படையெடுத்து வந்த பேரரசின் வீரர்களிடமும் பரிவு எழுகிறது. படையெடுப்பை எதிர்த்து நிற்கும் டாருஜிஸ்தான் நகரத்தாரிடமும் பரிவு எழுகிறது. யார் பக்கம் நிற்பதென்று நாமே ஆய்ந்து முடிவு செய்ய வேண்டியிருக்கிறது. உழைப்புத்தான், ஆனால் வீணுழைப்பன்று.

அடுத்த குற்றச்சாட்டு, பகுத்தறிவு பேசும் நண்பரிடமிருந்து வருகிறது. “தெய்வங்களும் மந்திரவாதிகளும் மலிந்த நூல். இதை நாம் ஏன் தொட வேண்டும்?”

அந்தத் தெய்வங்கள் என்ன செய்கின்றன என்று பார்த்துவிட்டுக் கேளுங்கள், நண்பரே! நூலின் தொடக்கத்திலே, கடற்கரைச் சாலையோரம் ஒரு செம்படவச் சிறுமி நிற்கிறாள். படை ஒன்று கடந்து செல்வதை வேடிக்கை பார்க்கிறாள். தெய்வ நிலைக்கு உயர்ந்த இருவர் அவ்வழியே வருகின்றனர். அவளைப் பார்க்கின்றனர், தம் பகை முடிக்க ஏற்ற கருவியெனக் கருதுகின்றனர். அவளைக் கேட்டார்களா? இல்லை. கொலைத் தெய்வம் அவள் உடலுக்குள் புகுகிறது. மீன்பிடிக் குடிலில் வளர்ந்த பெண் கொலைகாரியாகிப் படையிலே சேர்கிறாள். அவளுக்கு வாய்த்த பெயரோ ‘சாரி’ — வருந்துகிறேன் என்று பொருள்! அவள்பொருட்டு அந்தத் தெய்வம் வருந்தியதா? வேறொரு வலியவன் குறுக்கிட்டுக் கேட்ட பிறகே அவளை விட்டு நீங்குகிறது.

இதைப் படித்தவன் கோயில் கட்டத் தோன்றுமா, கணக்குக் கேட்கத் தோன்றுமா?

அது மட்டுமா? சிறுமியைப் பிடித்தாட்டிய அந்த இருவர் யார்? முன்னாள் பேரரசனும் அவனுடைய தோழனுமே. மண்ணில் ஆண்டவர்கள், மறைந்தபின் விண்ணையும் பிடித்துக்கொண்டார்கள். இன்னொரு தெய்வம், க்ருல் என்பது, தொழுவார் அற்றுப்போனதால் மறக்கப்பட்டு உறங்கிக் கிடக்கிறது. அதன் பாழடைந்த கோயிலில் குருதி சிந்தியபோதே விழிக்கிறது. மனிதனின் ஆசை தெய்வத்தை ஆக்குகிறது. மனிதனின் மறதி தெய்வத்தை ஒழிக்கிறது. மந்திரக் கதைக்குள்ளே மறைத்து வைக்கப்பட்ட நல்ல மானிடவியல் பாடம் இது. இன்னொன்றும் கூற வேண்டும். இந்தப் பேரரசின் படையில் ஆணும் பெண்ணும் தோளோடு தோள் நிற்கின்றனர். அரியணையில் இருப்பவள் பெண். அவளுடைய வலக்கையாக வாளேந்தி வருபவளும் பெண். “பெண்ணால் முடியுமா?” என்று வாய்பிளக்கும் மூதறிஞர் எவரையும் ஆசிரியர் படைக்கவில்லை. அந்த உலகில் அது கேள்வியாகவே இல்லை.

மூன்றாவது குற்றச்சாட்டு: “இவ்வளவு இருளா? இவ்வளவு கொடுமையா?” தொடரின் இரண்டாம் தொகுதி 2000-ல் வெளிவந்தது. அதிலே, கிளர்ச்சி மூண்ட நாட்டில், கோல்டேன் என்னும் தளபதி, பல்லாயிரம் அகதிகளைத் தன் சிறு படையால் சூழ்ந்து காத்து, பாலை வழியே நெடுந்தொலைவு அழைத்துச் செல்கிறான். நீரின்றி மடிவோர், அம்பால் மடிவோர், குழந்தைகள், முதியோர்! எஞ்சிய அகதிகள் கோட்டைக்குள் சேர்கின்றனர். அவர்களைக் காத்தவனோ, கோட்டைச் சுவரின் கண்பார்வைக்குள்ளேயே வீழ்கிறான். உள்ளே படை இருந்தது, உதவ வரவில்லை. தலைமையில் இருந்தவன் கோழை. பின்னர் அந்தக் கோழை ஆணையிட்டதால் படையே சரணடைகிறது. வீரர்கள் வழிநெடுக மரங்களில் அறையப்படுகின்றனர். படித்த பலர் அழுதனர். சிலர் ஏட்டை வீசினர்.

கொடுமையை மிளகாய்ப்பொடி போலத் தூவி விற்கும் எழுத்து உண்டு. அதை நான் வெறுக்கிறேன். இங்கே நடப்பது வேறு. அந்த நெடும்பயணத்தில் டுய்க்கர் என்னும் வரலாற்றாசிரியன் உடன் நடக்கிறான். அரண்மனை ஏட்டில் எழுதப்படாததைத் தன் கண்ணால் காண்கிறான். சாவோருக்குப் பெயர் இருக்கிறது. அவர்கள் எவருடைய கோழைத்தனத்தால் செத்தார்கள் என்ற கணக்கும் இருக்கிறது. இருளைக் காட்டுவது ஒன்று. இருளை உண்டாக்கியவனைக் காட்டுவது இன்னொன்று. இரண்டாவதைச் செய்யும் எழுத்துக்கு முதலாவதைச் செய்ய உரிமை உண்டு.

இதுவரை நூலின் பக்கம் பேசினேன். பக்தர்கள் மகிழ்ந்திருப்பார்கள். பொறுங்கள், இனி உங்களிடம் வருகிறேன்!

“இப்போது விளங்காது, பின்னால் விளங்கும், நம்பிப் படி” என்கிறீர்களே, இந்த மொழியை வேறெங்கோ கேட்டதில்லையா? இம்மையில் துன்பத்துக்குக் காரணம் தெரியாது, மறுமையில் தெரியும் என்பார்களே, அதற்கும் இதற்கும் என்ன வேறுபாடு? தெய்வங்களையே கேள்வி கேட்கச் சொல்லும் ஒரு நூலை, கேள்வி கேட்காமல் படிக்கச் சொல்கிறீர்களே! “உனக்கு விளங்கவில்லையென்றால் உன் அறிவு குறை” என்கிறீர்களே! பூசாரி சொல்வதும் அதுதானே?

சான்று தருகிறேன். முதல் தொகுதியின் உச்சக் காட்சி. பன்னெடுங்காலம் புதைந்து கிடந்த ரேஸ்ட் என்னும் கொடுங்கோலனைப் பேரரசின் ஆட்களே எழுப்பி விடுகின்றனர். நகரம் அழியப் போகிறது. விழா நடக்கும் மாளிகைத் தோட்டத்திலோ, மண்ணிலிருந்து ஒரு வீடு முளைக்கிறது! ஆம், வீடு! அது அந்தக் கொடுங்கோலனைப் பற்றி இழுத்துச் சிறையிடுகிறது. நகரம் பிழைக்கிறது. இப்படி ஒரு வீடு முளைக்கக்கூடும் என்பதற்கு முந்தைய பக்கங்களில் போதிய முன்னறிவிப்பு உண்டா? இல்லை. மாந்தரின் துணிவால் அவிழ வேண்டிய முடிச்சை, திடீரென வந்த பெருவலிமை ஒன்று அறுத்து விடுகிறது. தெய்வத்தை நம்பாதே என்று எழுநூறு பக்கம் சொன்ன நூல், கடைசியில் தெய்வச் செயல் போன்ற ஒன்றைக் கொண்டு கதையை முடிக்கிறது. “அடுத்த தொகுதிகளில் அந்த வீட்டின் இயல்பு விளக்கப்படுகிறது” என்பீர்கள். விளக்கப்படுவது உண்மை. ஆயினும், இந்தத் தொகுதி செய்த கடனை இந்தத் தொகுதியே தீர்க்க வேண்டாவா? பேல் குன்றில் விளக்காமை அறத்தோடு பொருந்தியது. தோட்டத்து வீட்டில் விளக்காமை வெறும் குறை. இரண்டையும் ஒரே துணியால் மூடிப் போற்றுவது பக்தி. பிரித்துப் பார்ப்பது திறனாய்வு.

இன்னொரு குறையும் உண்டு. முதல் தொகுதி மாந்தரின் பெயர்கள் ஒருவாறு மனத்தில் பதிந்தவுடன், இரண்டாம் தொகுதி வேறொரு கண்டத்துக்குப் போய்விடுகிறது. ஒரு சிலரே தொடர்ந்து வருகின்றனர். 2001-ல் வந்த மூன்றாம் தொகுதியில்தான் பழைய நிலத்துக்குத் திரும்புகிறோம். பகலெல்லாம் உழைத்து, இரவு ஒரு மணி நேரம் விளக்கடியில் படிக்கும் தோழனுக்கு நேரம் என்பது கூலியைப் போன்றது. அதை எங்கே செலவிடுவதென்று முடிவு செய்ய அவனுக்கு முழு உரிமை உண்டு. நூறு பக்கம் படித்துக் காரணத்தோடு மூடியவன், பத்துத் தொகுதி படித்துக் காரணமின்றிப் போற்றுகிறவனைவிடச் சிறந்த வாசகன் என்பேன்.

ஆனால், மூடியவருக்கும் ஒரு சொல். “எனக்கு விளங்கவில்லை” என்பது உங்களைப்பற்றிய செய்தி. “இது விளங்காத நூல்” என்பது நூலைப்பற்றிய தீர்ப்பு. முதலாவதிலிருந்து இரண்டாவதற்குத் தாவும் முன், ஒருமுறை பேல் குன்றுக்குத் திரும்பிச் சென்று, டேட்டர்செயிலின் பக்கத்தில் நின்று பாருங்கள். அவளுக்கும் விளங்கவில்லை. எனினும் அவள் கேட்பதை நிறுத்தவில்லை.

நூலின் முதற் காட்சியில் ஒரு சிறுவன் கோட்டைச் சுவரின்மேல் நிற்கிறான். கீழே நகரின் ஏழைப் பகுதி எரிகிறது. அருகில் நிற்கும் முதிய படைவீரனிடம், தானும் ஒருநாள் போர்வீரனாகிப் புகழ் பெறப் போவதாகச் சிறுவன் கூறுகிறான். வளர்ந்தால் அந்த ஆசை போய்விடும் என்பதுபோல விடை வருகிறது. சிறுவனுக்குப் புகழ் தெரிகிறது; புகை தெரியவில்லை. அவன் வளர்ந்து, வாளேந்தி, தெய்வங்களின் சூதாட்டத்தில் காயாக உருண்டு, அதன் பிறகே அந்த விடையின் பொருளை உணர்கிறான்.

நமக்கு அவ்வளவு காலம் வேண்டுவதில்லை. சுவரின்மேல் நிற்கும்போதே கீழே எரிவது யார் வீடு என்று கேட்கலாம். அரசனிடம் கேட்கலாம், தெய்வத்திடம் கேட்கலாம், கையிலுள்ள ஏட்டிடமும், அதை எழுதியவரிடமும் அதே கேள்வியைக் கேட்கலாம். விடை தரும் ஏட்டை வைத்துக்கொள்வோம். தராத இடத்தைக் குறித்து வைப்போம். தொழுவதற்கு மட்டும் எந்த ஏட்டையும் எடுக்க வேண்டா.