வளனும் சூசையும்

தேம்பாவணியை முதன்முறை கையிலெடுப்போர் திகைப்பது கதையில் அன்று, பெயர்களிலேயாம். 1680-இல் இத்தாலியிற் பிறந்து தமிழ்ப் புலவராய் விளங்கிய வீரமாமுனிவர், தம் காப்பியத் தலைவனாகிய யோசேப்பை வளன் என்கிறார். எபிரேயத்தில் யோசேப்பு என்பதற்கு இறைவன் மேலும் பெருக்குவானாக என்பது பொருள். யோவான் என்பதற்கு இறைவன் அருளினான் என்பது பொருளாதலின், திருமுழுக்கு யோவான் கருணையன் ஆனான்.

கம்பர் சென்ற வழி வேறு. லக்ஷ்மணனை இலக்குவன் என்றும், விபீஷணனை வீடணன் என்றும் ஒலியை மட்டும் தமிழாக்கினார். முனிவரோ ஒலியை உதறிப் பொருளைக் கைக்கொண்டார். செய்யுளுள் வளன் என்னுஞ் சொல் செவியை உறுத்தாது நிற்பது உண்மையே. ஆயினும், கதைமாந்தர் இன்னாரென அறிய உரையின் துணை வேண்டியிருப்பது குறையே என்போம்.

மக்களோ புலவரைக் கேட்டிலர். போர்ச்சுகீசியர் வாயிற் கேட்ட ஜோசே என்பதைச் சூசை ஆக்கிக்கொண்டனர். தொட்டிற் பிள்ளைக்குப் பெரிதும் சென்றது அதுவே. வளனார் என்பது திருச்சிராப்பள்ளிக் கல்லூரியின் பெயரில் வீற்றிருக்கிறார்! ஆனால், தன் பெயருக்குப் பொருள் யாதெனப் பிள்ளை வினவினால், சூசை என்று பெயரிட்ட தந்தை தமிழில் என்ன விடை கூறுவான்?

இவ்விடரினின்று தப்பியவருள் ஒருவன் சின்னப்பன். இலத்தீனிற் பவுலுஸ் என்றாற் சிறியவன். அப்பொருள் சின்னப்பன் என்ற அளவில், ஏடறியாத தோட்டத்துத் தாய்க்கும் தானே விளங்கிவிடுகிறது.