பொய்முடி பொய்யா?

ஒரு பொருளுக்குப் பெயர் சூட்டுவது எளிது. அந்தப் பெயர் பொருளைப் பற்றி மெய் பேசுகிறதா என்று உரைத்துப் பார்ப்பதுதான் அரிது. அறிவியலைத் தமிழில் கற்கும் நாம் 'விசை', 'ஆற்றல்', 'உந்தம்' போன்ற சொற்களைப் பற்றி வேண்டிய அளவு வாதம் செய்திருக்கிறோம். ஆனால் கைத்தொழில்களின் சொற்களை ஆய்வுக்கு உரியவையாக நாம் கருதுவதில்லை. அப்படி ஒதுக்கப்பட்ட தொழில் ஒன்றை இங்கே எடுத்துக்கொள்வோம். தலையில் அணிவதற்கான முடியைச் செய்யும் தொழில் அது.

ஆங்கிலத்தில் 'விக்' எனப்படும் இப்பொருளுக்கும் அதன் இனத்தைச் சேர்ந்தவற்றுக்கும் தமிழில் பல பெயர்கள் வழங்குகின்றன. ஏட்டில் எழுதுவோர் 'பொய்முடி' என்பர். விளம்பரங்களில் 'செயற்கை முடி' என்று காண்கிறோம். நாடக மேடையில் அது 'டோப்பா'. பின்னலை நீளமாக்கப் பெண்கள் சேர்த்துக்கொள்வது 'சவரி'. இவற்றுள் எது பொருந்தும், எது பொருந்தாது என்பதை இயற்பியல் மாணவனின் கண்கொண்டு பார்ப்போம்.

தீ சொல்லும் தீர்ப்பு

எங்கள் ஆரணி பட்டுத்தறிகளின் ஊர். ஒரு புடவையின் இழை பட்டா அன்றா என்ற ஐயம் எழுந்தால், இங்கே யாரும் நுண்ணோக்கியைத் தேடுவதில்லை. ஓர் இழையை உருவித் தீயில் காட்டுவார்கள். பட்டாயிருந்தால் அது சுருண்டு கருகும். முடி தீய்ந்த நாற்றம் வரும். எஞ்சிய கரியை விரலால் நசுக்கினால் பொடியாகும். பாலியெஸ்டர் இழையோ உருகி, ஆறியதும் கெட்டியான மணியாகிவிடும்.

பட்டு எரிந்தால் முடி நாற்றம் வருவானேன்? இரண்டும் புரதங்கள் என்பதே காரணம். பட்டின் புரதம் ஃபைப்ராயின். முடியின் புரதம் கெரட்டின். முடியின் எடையில் ஏறத்தாழ 5 விழுக்காடு கந்தகம் உண்டு. இக்கந்தக அணுக்கள் புரதச் சங்கிலிகளை ஒன்றோடொன்று பாலம்போல் இணைப்பதால்தான் முடிக்கு இத்தனை உறுதி. பட்டில் கந்தகம் மிகச் சொற்பம். இவ்வேறுபாடு இருந்தாலும் தீயின்முன் இரண்டும் உறவுக்காரர்களே.

இனி இதே சோதனையைத் தலைமுடிக்குக் கொண்டுவருவோம். சந்தையில் விற்கும் விக்குகளில் சில மனித முடியால் ஆனவை. மற்றவை மோடாக்ரிலிக், பாலியெஸ்டர் போன்ற ஆலை இழைகளால் ஆனவை. தீயில் காட்டினால் முதல் வகை நம் தலைமுடியைப் போலவே கருகும். இரண்டாம் வகை சுருங்கிக் கெட்டிப்படும். ஆகவே 'செயற்கை முடி' என்ற பெயர் இரண்டாம் வகைக்கு மட்டுமே பொருந்தும். ஒரு மனிதத் தலையில் ஐந்தாறு ஆண்டுகள் வளர்ந்த முடியைச் செயற்கை என்பது, ஆரணிப் பட்டை நைலான் என்பது போன்றதே.

'பொய்முடி' என்பதற்கு வழக்கறிஞர் வைத்து வாதாட முடியும். பொய்க்கால் குதிரை என்கிறோம், பொய்ப்பல் என்கிறோம், பொய்முடி என்றால் என்ன தவறு என்று கேட்கலாம். நியாயமான கேள்விதான். ஆனால் பொய்க்கால் மரத்தால் ஆனது. காலின் வேலையைச் செய்யும் வேறு பொருள். மனித முடியால் ஆன விக்கிலோ பொருளும் முடியே, வேலையும் முடியே. அணிபவர் தலையில் முளைக்கவில்லை என்பது மட்டுமே வேறுபாடு. 'பொய்' என்ற சொல் பொருளைப் பற்றி எதுவும் சொல்லவில்லை. அணிந்தவர்மீது குற்றம் சாட்டுகிறது. புற்றுநோய் மருத்துவத்தால் முடி உதிர்ந்த ஒருவர் விக் அணிந்து வெளியே வருகிறார். அவர் யாரையும் ஏமாற்றவில்லை. அவரை நோக்கி இச்சொல்லை நாம் ஏன் நீட்ட வேண்டும்?

அடியும் நுனியும்

முடியின் நடுப்பகுதியை மேலோடு போன்ற செதில்கள் மூடியிருக்கின்றன. ஒவ்வொரு செதிலின் தடிப்பும் ஏறத்தாழ அரை மைக்ரான். வீட்டுக்கூரையில் ஓடு வேய்ந்தாற்போல் அவை ஒன்றன்மேல் ஒன்று படிந்துள்ளன. செதில்களின் விளிம்பு எப்போதும் நுனியை நோக்கியே இருக்கும். ஆகவே அடியிலிருந்து நுனிக்கு விரலை ஓட்டினால் வழவழப்பு; நுனியிலிருந்து அடிக்கு ஓட்டினால் சொரசொரப்பு. உராய்வு திசைக்குத் திசை மாறுகிறது.

இதை நீங்களே சோதிக்கலாம். நீண்ட முடி ஒன்றைக் கட்டைவிரலுக்கும் ஆள்காட்டி விரலுக்கும் இடையே பிடித்து, விரல்களை முடியின் நீளவாக்கில் முன்னும் பின்னுமாகத் தேயுங்கள். முடி ஒரே பக்கமாக நகர்வதைக் காண்பீர்கள். எந்த முனை முன்னால் செல்கிறதோ, அதுவே அடி. வேட்டியில் ஒட்டிய ஊசிப்புல் விதை ஒரே திசையில் ஏறிக்கொண்டே போவதும் இதே தத்துவத்தால்தான்.

விக் செய்யும் தொழிலின் உயிர்நாடி இந்த இயற்பியலில் இருக்கிறது. எல்லா முடிகளின் அடியும் ஒரே பக்கம் இருக்குமாறு அடுக்கினால் செதில்கள் ஒத்துப்போகும், முடி சிக்காது. சில முடிகள் தலைகீழாகக் கலந்துவிட்டால் செதிலோடு செதில் மாட்டிக்கொள்ளும். தலைமுடி நாளடைவில் கம்பளிபோல் திரண்டுவிடும். பட்டிழைக்கு இத்தொல்லை இல்லை. அதற்குச் செதில் கிடையாது. எந்த முனையிலிருந்து இழுத்தாலும் அது ஒன்றே.

மூன்று முடிக்கு ஒரு பெயர்

தமிழ்நாட்டிலும் ஆந்திரத்திலும் இத்தொழிலுக்கான முடி பெரும்பாலும் இரண்டு வழிகளில் கிடைக்கிறது. முதலாவது காணிக்கை முடி. திருமலையின் கல்யாணக்கட்டாவிலும், பழனி, திருத்தணி போன்ற தலங்களிலும் மழிக்கப்படும் முடி நீளவாரியாகப் பிரிக்கப்பட்டு ஏலத்திற்கு வருகிறது. கற்றையாகச் சேர்த்தெடுத்தால் இதில் அடியும் நுனியும் கலைவதில்லை. இரண்டாவது சிக்குமுடி. சீப்பில் தங்கும் முடியைப் பெண்கள் உருட்டி வைப்பார்கள். தெருவில் வருபவரிடம் கொடுத்துப் பாத்திரமோ ஊக்கோ வாங்கிக்கொள்வார்கள். இதில் அடியும் நுனியும் முற்றிலும் கலந்திருக்கும். அமிலத்தில் தோய்த்துச் செதில்களை நீக்கி, சிலிக்கோன் பூசிப் பளபளப்பாக்குவது ஆலைகளின் வழக்கம். பூச்சு கழுவிப்போனதும் பளபளப்பும் போய்விடும். இவையன்றி, விலைபேசி நேரே தலையிலிருந்து வெட்டி வாங்கும் முடியும் உலகச் சந்தையில் உண்டு.

இம்மூன்றையும் 'மனித முடி' என்ற ஒரே சீட்டின்கீழ் விற்றதன் விளைவை 2004-ஆம் ஆண்டு உலகம் கண்டது. மணமான யூதப் பெண்களுள் மரபு தவறாதோர் தலைமுடியை மறைப்பர். பலர் அதற்கு விக் அணிவர். அவ்வாண்டு மே மாதத்தில், யோசெஃப் ஷாலோம் எல்யாஷிவ் என்ற மூத்த யூத சமய அறிஞர், இந்தியக் கோவில்களில் காணிக்கையாகத் தரப்பட்ட முடியை அணியலாகாது என்று தீர்ப்பளித்தார். நியூயார்க்கின் புரூக்ளின் பகுதியில் விக்குகளைத் தெருவில் போட்டு எரித்தார்கள். தம் தலையில் இருப்பது எந்த வழியில் வந்த முடி என்பதை அறிய, வாங்கியவர்களிடம் ஒரு சொல்கூட இல்லை. தமிழ்நாட்டில் ஒரு பாட்டியைக் கேட்டிருந்தால், 'காணிக்கை முடி', 'சிக்குமுடி' என்று தனித்தனியே சொல்லியிருப்பாள்.

தறியின் சொற்கள்

ஐரோப்பாவில் இத்தொழிலுக்கு நீண்ட வரலாறு உண்டு. பிரெஞ்சு மன்னர் பதின்மூன்றாம் லூயி 17-ஆம் நூற்றாண்டில் விக் அணியத் தொடங்க, அரசவையும் பின்பற்றியது. 1673-இல் பதினான்காம் லூயியின் ஆட்சியில் நாவிதரும் விக் செய்வோரும் அடங்கிய தொழிற்சங்கம் அரச அங்கீகாரம் பெற்றது. மோகம் குறைந்தபோது, 1765-இல் இலண்டன் விக் தொழிலாளர்கள் மூன்றாம் ஜார்ஜ் மன்னரிடம் ஊர்வலமாகச் சென்று முறையிட்டார்கள். ஊர்வலத்தில் வந்தவர்களில் பலர் தாங்களே விக் அணியாதிருந்ததைக் கண்ட கூட்டம், அவர்களைப் பிடித்து முடியை வெட்டிவிட்டதாம்.

நமக்கு வேண்டியது வேறொரு செய்தி. 1767-இல் கார்சோ என்ற பிரெஞ்சுக்காரர் இத்தொழிலைப் பற்றி ஒரு நூலே எழுதினார். பழைய விக் தொழிலாளி எப்படி வேலை செய்தான் தெரியுமா? பலகையின் இரு முனைகளிலும் இரு குச்சிகளை நட்டு, அவற்றிடையே பட்டு நூல்களை இழுத்துக் கட்டினான். சில முடிகளை எடுத்து, அந்நூல்களுக்கு மேலும் கீழுமாக வளைத்து நெய்து, நெருக்கித் தள்ளினான். இப்படி நெய்த நாடாக்களைத்தான் தலைக்குல்லாயில் வரிவரியாகத் தைத்தான். பட்டு நூல் பாவாகவும் முடி ஊடையாகவும் அமைந்த நெசவு இது! ஆங்கிலேயர் இன்றும் இதற்கு ஊடையைக் குறிக்கும் 'வெஃப்ட்' என்ற நெசவுச் சொல்லையே ஆள்கிறார்கள். சென்னையிலிருந்து ஏற்றுமதியாகும் முடியிலும் இதே வடிவம் உண்டு. ஆயினும் நம் வணிகர்கள் 'வெஃப்ட்' என்கிறார்களேயன்றி 'ஊடை' என்று சொல்வதில்லை. ஆரணியில் பள்ளிப்பிள்ளைக்குக்கூடத் தெரிந்த சொல் அது.

இன்னொரு முறையும் உண்டு. மெல்லிய வலையின் கண்களில், சிறு கொக்கியூசியால் ஒவ்வொரு முடியையும் இழுத்து முடிச்சுப் போடுவது. ஒரு தலைக்குப் பல்லாயிரம் முடிச்சுகள் தேவை. இம்முறைக்கு ஆங்கிலத் தொழிலாளர் வைத்த பெயர் 'வென்டிலேட்டிங்'. காற்றோட்டம் என்று பொருள்படும் இச்சொல், கை செய்யும் வேலையை ஒரு சிறிதும் காட்டவில்லை. தமிழில் கூந்தலை முடிகிறோம், முந்தானையில் காசை முடிந்து வைக்கிறோம். கட்டுவதைக் குறிக்கும் வினையும் தலையில் வளர்வதன் பெயரும் நம் மொழியில் ஒரே ஒலியில் அமைந்துள்ளன. வலையில் முடியை முடிதல்! இதைவிடப் பொருத்தமான கலைச்சொல்லை எந்தக் குழு கூடி ஆக்க முடியும்?

சவரியும் டோப்பாவும்

'சவரி' என்ற சொல் 'கவரி', 'சாமரம்' ஆகியவற்றின் உறவு. கவரி என்பது இமயமலைப் பகுதியில் வாழும், சடைமுடி தொங்கும் மாட்டினம். யாக் என்று இன்று சொல்கிறோம். அதன் வால்முடியால் ஆனதே சாமரம். திருக்குறள் கூறும் 'கவரிமா'வை மக்கள் 'கவரிமான்' ஆக்கிவிட்டார்கள். 'மா' என்றால் விலங்கு என்பதே பொருள். யாக்கின் முடியால் நாடக விக்குகளும் தாடிகளும் இன்றும் செய்யப்படுகின்றன. ஆக, 'சவரி' தன் மூலப்பொருளை நினைவில் வைத்திருக்கும் சொல். மணப்பெண்ணும், கூத்தில் பெண் வேடம் கட்டும் ஆணும் கூச்சமின்றி வழங்கும் சொல். அதில் பொய் என்ற பழி இல்லை. பின்னலோடு சேர்ப்பதற்கு இதைவிட நல்ல பெயர் தேவையில்லை.

'டோப்பா' மேடைக்கு உரியது. மேடைக்கு வெளியே அது கேலிச்சொல்லாகிவிட்டது. மேடையோடு அதை விட்டுவிடலாம்.

எனது முடிவு

முழுத்தலைக்கு அணிவதை 'விக்' என்றே சொன்னால் குடி முழுகிவிடாது. ஆங்கிலேயரும் அதைக் கடன்தான் வாங்கினார்கள். 'பெருக்' என்ற பிரெஞ்சுச் சொல் 'பெரிவிக்' எனத் திரிந்து, தலை வெட்டப்பட்டு 'விக்' ஆயிற்று. வேண்டுமானால் 'மனித முடி விக்', 'செயற்கை இழை விக்' என்று முன்னே ஒரு சொல் சேர்த்துப் பொருளைத் தெளிவாக்குவோம்.

பொருளின் பெயரைக் கடன் வாங்கலாம். வேலையின் பெயரைக் கடன் வாங்கத் தேவையில்லை. ஏனெனில் வேலை நம் கைகளில் ஏற்கெனவே இருக்கிறது. அடி, நுனி, சிக்கு, பாவு, ஊடை, முடிதல் ஆகிய ஆறு சொற்களைக் கொண்டே இத்தொழிலின் இயற்பியலை நான் மேலே விளக்கியிருக்கிறேன். அவற்றுள் எதுவும் புதிதாக ஆக்கியதன்று.

இது வெறும் சொல்விளையாட்டு அன்று. தறிக்காரர் வீட்டுப் பிள்ளைகள் வகுப்பில் 'உராய்வு', 'இழுவிசை' ஆகியவற்றின் வரையறையை மனப்பாடம் செய்கிறார்கள். வீட்டில் பாவு தளர்ந்தால் தந்தை என்ன செய்கிறார் என்பதும் அவர்களுக்குத் தெரியும். ஆனால் ஒன்று அறிவியல் என்றும் மற்றது வெறும் பிழைப்பு என்றும் எண்ணிவிடுகிறார்கள். அவ்வாறு எண்ணக் கற்றுத்தந்தவர்கள், வீட்டுச் சொல்லைப் பாடநூலுக்குள் விடாத நாம்தான்.

மாணவ நண்பர்களே, ஒரு சிறு பயிற்சியோடு முடிக்கிறேன். தலைமுடி மாதத்திற்கு ஏறத்தாழ ஒரு சென்டிமீட்டர் வளர்கிறது. 60 சென்டிமீட்டர் நீளமுள்ள ஒரு முடியின் நுனிக்கு வயது என்ன? ஐந்து ஆண்டு என்று கண்டுபிடித்துவிடுவீர்கள். அப்படியானால் அதே முடியில், அடிப்பக்கச் செதில்களைவிட நுனிப்பக்கச் செதில்கள் மிகுதியாகத் தேய்ந்திருக்கக் காரணம் என்ன? விடையை முதலில் உங்கள் வீட்டுச் சொற்களில் எழுதுங்கள். பாடநூல் சொற்களை அதன் பிறகு சேர்த்துக்கொள்ளலாம்.