அழிபட்ட ஆட்டங்கள்: உத்திரமேரூரிலிருந்து சில குறிப்புகள்

ஒரு சிரிப்பிலிருந்து தொடங்க வேண்டியிருக்கிறது. 2021, கொரோனா இரண்டாம் அலை ஓய்ந்திருந்த சமயம். உத்திரமேரூர் பஸ் ஸ்டாண்ட் பக்கம் ஒரு செல்போன் சர்வீஸ் கடை. பக்கத்து ஏரிக்கரை ஊரிலிருந்து ஒன்பதாவது படிக்கிற பையன் ஒருவன் அக்காவோடு வந்திருந்தான். ஆன்லைன் கிளாஸுக்கென்று கடன் வாங்கி வாங்கிய ஃபோன். 'ஸ்டோரேஜ் ஃபுல்' என்று ஃபோன் கத்த, அக்கா பாடம் இறக்குவதற்காக, எது பெரிசாக இருந்ததோ அதை அழித்துவிட்டாள். பெரிசாக இருந்தது அவனுடைய துப்பாக்கிச் சண்டை ஆட்டம். திரும்ப ஏற்றினால் ஆட்டம் வந்துவிட்டது, அவன் வரவில்லை. முதல் லெவல். ஒன்றரை வருஷத்தில் சேர்த்த சட்டை, துப்பாக்கி, பட்டம், கூட்டாளிகள் எதுவும் இல்லை.

"ஃபோட்டோன்னா எடுத்துடலாம் தம்பி. கேமெல்லாம் எடுக்க முடியாது" என்றார் கடைக்காரர். பையன் அழுதான். கடையில் நின்ற அத்தனை பேரும் சிரித்தோம். நானும்தான். டெம்பர் கிளாஸ் ஒட்ட வந்த ஒரு பெரியவர், "விடுறா, படிக்கிற வேலையைப் பாரு" என்றார். கல்யாண ஃபோட்டோ அழிந்துபோய் அழுகிறவரைப் பார்த்து யாரும் சிரிப்பதில்லை. எது இழப்பு, எது இழப்பில்லை என்று தீர்மானிக்கிற உரிமை அந்தச் சிரிப்புக்கு எப்படி வந்தது என்பதுதான் இங்கே கேள்வி.

முதலில் 'அழித்தல்' என்ற சொல்லையே கொஞ்சம் பிரித்துப் பார்க்கலாம். கம்ப்யூட்டர் அழிப்பதில்லை. பழைய ஃபாட் முறை டிஸ்கிலும் மெமரி கார்டிலும் ஒரு ஃபைலை 'டெலீட்' செய்தால், பெயர்ப் பட்டியலில் அதன் முதல் எழுத்து இருந்த இடத்தில் ஒரு குறி விழுகிறது. அது உட்கார்ந்திருந்த இடம் காலி என்று எழுதப்படுகிறது. உள்ளே இருந்த விஷயம் அப்படியே கிடக்கிறது. நம் ஊர் பாஷையில் சொன்னால் பட்டா ரத்தானது, நிலம் அங்கேயே இருக்கிறது. வேறொருவன் வந்து அந்த மனையில் வீடு கட்டுகிறவரைக்கும் பழைய வரப்பைக் கண்டுபிடித்துவிடலாம். ரெகுவா, ஃபோட்டோரெக் மாதிரியான மென்பொருள்கள் செய்வது இவ்வளவுதான்: பட்டாவை நம்பாமல் நேராக நிலத்தில் இறங்கி வரப்பைத் தேடுகின்றன. அதனால்தான், ஏதாவது அழிந்துபோனால் அந்த டிஸ்கில் மேற்கொண்டு எதையும் எழுதாதே, மீட்கிற மென்பொருளைக்கூட அதே டிஸ்கில் ஏற்றாதே என்கிறார்கள். மீட்க வந்தவனே மனையில் கொட்டகை போட்டுவிடக் கூடாது.

ஃப்ராய்ட் 1925இல் வெளியிட்ட சின்னக் கட்டுரை ஒன்றில் குழந்தைகளின் எழுதியழிக்கும் பலகை வருகிறது. மேல்தாளைத் தூக்கினால் எழுத்து மறையும், அடியிலுள்ள மெழுகில் கீறல் நிற்கும். மனதை அப்படி நினைத்துப் பார்க்கலாம் என்றார் அவர். பழைய ஹார்ட் டிஸ்க் கிட்டத்தட்ட அந்தப் பலகைதான். இன்றைய ஃபோன் அப்படியல்ல. அழித்த இடத்தை உள்ளிருக்கும் சிப்பே பின்னால் துடைத்து வைத்துவிடுகிறது. துடைக்காவிட்டாலும் எல்லாம் பூட்டிய எழுத்தாக இருப்பதால் சாவி போனால் கீறல் இருந்தும் வாசிக்க முடியாது. அடிமெழுகையும் சேர்த்து வழிக்கிற பலகை. கடைக்காரர் ஃபோட்டோ எடுத்துத் தருகிறேன் என்றது பெரும்பாலும் மெமரி கார்டில் இருக்கிற ஃபோட்டோவைத்தான், அல்லது கூகுள் கணக்கில் ஏற்கெனவே போய்ச் சேர்ந்துவிட்டதை.

நம் பக்கத்தில் ஆட்டத்தைச் சேமித்தல் என்பதற்கு ஒரு வரலாறு உண்டு, யாரும் எழுதாத வரலாறு. தொண்ணூறுகளில் டிவியில் மாட்டி ஆடிய கார்ட்ரிட்ஜ் பெட்டிகளில் சேமிக்கவே இடம் கிடையாது. கான்ட்ரா, மரியோ எல்லாம் கரண்ட் போனால் முதலிலிருந்துதான். 1987இல் அமெரிக்காவில் விற்பனைக்கு வந்த லெஜண்ட் ஆஃப் செல்டா கார்ட்ரிட்ஜுக்குள் ஒரு பட்டன் பேட்டரி இருந்தது, ஆடியது அதில் நிற்கும். நமக்கு வந்த நகல் பெட்டிகளில் அந்தப் பேட்டரி கிடையாது. விலை குறைவு, அதனால் நினைவும் குறைவு. ஏழையின் ஆட்டத்துக்கு நேற்று என்பது இருக்கக் கூடாது என்று யாரும் திட்டமிடவில்லை. ஆனால் அப்படித்தான் ஆனது.

பிறகு பிரவுசிங் சென்டர். மணிக்கு இவ்வளவு என்று கொடுத்து ஜிடிஏ வைஸ் சிட்டி ஆடிய தலைமுறைக்குத் தெரியும்: சேமிக்க எட்டு இடம்தான், ஆடுகிறவன் எண்பது பேர். யாரோ ஒருவன் உன் இடத்தின் மேல் தன்னுடையதை ஏற்றிவிட்டுப் போய்விடுவான். இது தவறுதலாக அழிதலா, வேண்டுமென்றே அழித்தலா? அடிதடி நடந்திருக்கிறது. சில சென்டர்களில் டீப் ஃப்ரீஸ் என்று ஒன்றைப் போட்டுவைத்தார்கள். மெஷினை அணைத்துப் போட்டால் நேற்றைக்கு எப்படி இருந்ததோ அப்படியே எழுந்து நிற்கும். வைரஸுக்காகச் செய்த ஏற்பாடு. வைரஸோடு சேர்த்துப் பையன்களின் ஆட்டத்தையும் தினமும் ராத்திரி கழுவி ஊற்றியது. விவரமானவன் சேவ் ஃபைல் எங்கே இருக்கிறது என்று கண்டுபிடித்து பென்டிரைவில் எடுத்துப் போனான். எந்த ஸ்கூலும் சொல்லித்தராத கோப்பு முறைமைப் பாடம் அது.

2011 செப்டம்பரில் தமிழக அரசின் விலையில்லா மடிக்கணினி வரத் தொடங்கியது. 'இலவசம்' என்று எழுதினவர்கள் எரிச்சலோடும், 'விலையில்லா' என்று எழுதினவர்கள் பெருமையோடும் பேசினார்கள். படிக்காமல் கேம் ஆடுகிறான்கள் என்று புகார் வேறு. நான் பார்த்தவரை, சேரியிலும் காலனியிலும் ஒரு பையனுடைய ஆட்டம் ஒரு இடத்தில் பத்திரமாக நின்றது அந்த மடிக்கணினி வந்த பிறகுதான். வைஸ் சிட்டியை நீக்கினாலும் 'மை டாக்குமெண்ட்ஸ்' அடியில் அதன் சேவ் ஃபோல்டர் தங்கிவிடும். திரும்ப ஏற்றினால் விட்ட இடத்திலிருந்து தொடங்கலாம். பெட்டியும் அவனுடையது, ஃபைலும் அவனுடையது.

ஃபோன் வந்ததும் இது தலைகீழானது. ஆட்டம் கையில் இருக்கிறது, ஆடியதன் கணக்கு எங்கோ ஒரு சர்வரில். நம் பையன் 'கெஸ்ட்' என்று விருந்தாளியாக உள்ளே போனவன். ஃபேஸ்புக்கோ கூகுளோ கேட்காமல் சட்டென்று ஆட விடுகிற வாசல் அது. அந்த விருந்தாளிக்குரிய சாவி ஃபோனுக்குள் ஒரு சின்ன ஃபைலாக இருந்தது. ஆட்டத்தை நீக்கியபோது சாவியும் போனது. கவனியுங்கள், வீடு போகவில்லை. சர்வரில் அவனுடைய சட்டை, துப்பாக்கி, பட்டம் எல்லாம் இருந்த இடத்திலேயே இருக்கின்றன. அவன்தான் அவனென்று நிரூபிக்க முடியாமல் வெளியே நிற்கிறான். ரேஷன் கடையில் கைரேகை விழாத கிழவியின் நிலைமைதான். இது கடைக்காரர் மீட்கக் கூடிய 'டேட்டா' அல்ல. இங்கே அழிந்தது தகவல் அல்ல, உரிமை.

இப்போது அதே பஸ் ஸ்டாண்ட் பக்கத்திலிருக்கிற வைகுண்டப் பெருமாள் கோயிலுக்குப் போவோம். உத்திரமேரூர் என்றால் உலகத்துக்கு அதுதானே. அங்கே மண்டபச் சுவரில் முதலாம் பராந்தகனின் 12ஆம், 14ஆம் ஆட்சியாண்டுக் கல்வெட்டுகள், கி.பி. 919, 921. முப்பது குடும்புகள், குடவோலை, ஏரி வாரியம், தோட்ட வாரியம். கால் வேலிக்கு மேல் வரி கட்டுகிற நிலம் வேண்டும், சொந்த மனையில் வீடு வேண்டும், வேதம் தெரிந்திருக்க வேண்டும். முந்தைய கல்வெட்டில் வயது முப்பதுக்கு மேல் அறுபதுக்குள். இரண்டே வருஷத்தில் அதைத் திருத்தி முப்பத்தைந்துக்கு மேல் எழுபதுக்குள் என்று எழுதினார்கள். வாரியத்தில் இருந்துவிட்டுக் கணக்குக் காட்டாதவனும் அவன் உறவுமுறையும் நிற்கக் கூடாது. பிரதமர் 2020 டிசம்பரில் புதிய நாடாளுமன்றத்துக்கு அடிக்கல் நாட்டியபோது இந்த ஊர்ப் பெயரைச் சொன்னார். ஜனநாயகத்தின் தாய்வீடு என்கிற பெருங்கதையாடலில் உத்திரமேரூருக்கு நிரந்தர இடம் உண்டு.

அது ஒரு சதுர்வேதிமங்கலம், பிராமணர்களுக்குக் கொடுக்கப்பட்ட ஊர். உழுதவனும் பறையடித்தவனும் பெண்களும் அந்தக் குடத்துக்குள் ஓலையாக விழ முடியாது. இதைப் பலரும் எழுதியாகிவிட்டது, திரும்பச் சொல்ல வேண்டியதில்லை. என் கவனம் வேறொன்றில். கல்லில் நின்றது விதி. ஆட்டம் நிற்கவில்லை. எந்த வருஷம் யார் பெயர் ஓலையில் வந்தது, யார் தோற்றான், எவன் கோபித்துக்கொண்டு போனான் என்பது அந்தச் சுவரில் இல்லை. ஓலை ஓலையாகவே போய்ச் சேர்ந்தது. இன்னொன்றும் உண்டு. குடத்திலிருந்து ஓலையை எடுக்க, உள்ளே இருப்பது என்னவென்று அறியாத ஒரு சிறுவனை நிறுத்த வேண்டும் என்கிறது கல்வெட்டு. ஆயிரத்து நூறு வருஷத்துக்கு முன்னால் உத்திரமேரூரில் ஒரு பையன் கையை விட்டு எடுத்திருக்கிறான். கை தேவைப்பட்டது, பெயர் தேவைப்படவில்லை.

தெரிதா 1995இல் வெளியிட்ட ஆவணக் காப்பகம் பற்றிய நூலில் அந்தச் சொல்லின் கிரேக்க வேருக்குப் போகிறார்: தொடக்கம் என்றும் கட்டளை என்றும் இரண்டு அர்த்தம். காப்பகம் என்பது முதலில் ஆட்சியாளனுடைய வீடு. யார் வீட்டில் பெட்டி இருக்கிறதோ அவன்தான் அதற்குப் பொருளும் சொல்வான். கல்வெட்டு விஷயத்தில் இது நமக்கு நன்றாகப் புரிகிறது. தமிழ்க் கல்வெட்டுகளின் மைப்படிகள் மைசூரில் கிடப்பதைப் பற்றி எவ்வளவு பேசினோம்? 2021 ஆகஸ்டில் மதுரை உயர்நீதிமன்றக் கிளை அவற்றைச் சென்னைக்குக் கொண்டுவரச் சொன்னபோது எவ்வளவு சந்தோஷப்பட்டோம்? கல்லின் நகல் பக்கத்து மாநிலத்தில் இருந்தால் அரசியல். ஒரு பையனின் ஒன்றரை வருஷம் கண்காணாத தேசத்துச் சர்வரில் இருந்தால் சிரிப்பு.

இது ஒரு பையனின் கதை மட்டுமல்ல. 2020 செப்டம்பர் 2ஆம் தேதி மத்திய அரசு 118 செயலிகளைத் தடை செய்தது, பப்ஜி மொபைல் அதில் ஒன்று. தகவல் தொழில்நுட்பச் சட்டம் 69ஏ பிரிவு. அக்டோபர் 30இல் இங்குள்ளவர்களுக்கான சேவை நிறுத்தப்பட்டது. எல்லையில் நடந்த மோதலுக்கு இங்கே ஏரிக்கரையில் உட்கார்ந்திருந்தவனுடைய 'சேவ்' போனது. 2021 ஜூலையில் அதே ஆட்டம் பேட்டில்கிரவுண்ட்ஸ் மொபைல் இந்தியா என்று தேசப் பெயர் சூட்டிக்கொண்டு வந்தபோது, சம்மதம் கொடுத்தால் பழைய கணக்கை மாற்றித் தருகிறோம் என்றார்கள். அப்படியானால் அத்தனை மாதமும் அது எங்கேயோ பத்திரமாக இருந்திருக்கிறது! 2022 பிப்ரவரியில் ஃப்ரீ ஃபயர் உட்பட 54 செயலிகள். 2022 ஜூலையில் பேட்டில்கிரவுண்ட்ஸும் கடைப் பட்டியலிலிருந்து தூக்கப்பட்டது, 2023 மே மாதம்தான் திரும்பியது. இடையிலான அந்தப் பத்து மாதத்தில் ஏற்கெனவே ஃபோனில் வைத்திருந்தவன் ஆடிக்கொண்டிருந்தான். கை தவறி நீக்கியவன் கடைக்குப் போய்த் திரும்ப எடுக்க முடியவில்லை. விரல் தவறுவதற்கும் அரசாணைக்கும் நடுவே இருக்கிற தூரம் அவ்வளவு குறைவு.

தோழர்கள் சிலர் இந்தக் கட்டுரையைக் கையெழுத்துப் பிரதியில் படித்துவிட்டு, "பன்னாட்டு மூலதனம் பிள்ளைகளுக்குக் கொடுக்கிற அபின் இது, போனால் போகட்டுமே, அதை மீட்பதற்கா நீ எழுதுகிறாய்?" என்றார்கள். கேள்வியில் நியாயம் இருக்கிறது. அந்த 'டைமண்டு'கள் அப்பன் ஒரகடம் ஷிப்டில் சம்பாதித்த காசு. பந்தயம் கட்டிப் பணத்தை உறிஞ்சுகிற ஆன்லைன் ரம்மி வேறு, அதற்குத் தனிச் சட்டமே வந்துவிட்டது. இரண்டையும் ஒன்றாகப் போட்டுக் குழப்ப வேண்டியதில்லை. நான் கேட்பது இதுதான்: அபின் என்றால் அதை விற்றவனிடம் கணக்குக் கேட்க வேண்டும், இழந்தவனைப் பார்த்துச் சிரிப்பது எந்த அரசியல்? கணக்குக் காட்டாதவனை வாரியத்திலிருந்து விலக்கு என்று அந்தப் பிராமணச் சபைகூடச் சொல்லியிருக்கிறது. நம்மிடம் அதுவுமில்லை.

காஞ்சிபுரம் பக்கம் தறிக்காரர்களிடம் ஜக்கார்டு அட்டை இருக்கும். துளைத்த அட்டைதான் டிசைனின் சேமிப்பு. அட்டையை எலி கடித்தாலும், நெய்த சேலை ஒன்று கையில் இருந்தால் இழை எண்ணி டிசைனைத் திரும்ப எடுத்துவிடலாம். மீட்பதற்கு வெளியே ஒரு தடயம் வேண்டும். ஆட்டத்தில் சேலை எது? நம் பையனுக்கு அப்படி ஒன்று இருந்தது. கூட்டாளிக்கு வாட்ஸ்அப்பில் அனுப்பிய ஸ்கிரீன்ஷாட்டில் அவனுடைய கணக்கு எண் தெரிந்தது. அக்காதான் தேடி எடுத்தாள், அழித்தவளும் அவள்தானே. டைமண்டு வாங்கிய ரசீது அப்பாவின் ஜிமெயிலில் கிடந்தது. இரண்டையும் சேர்த்துக் கம்பெனிக்கு இங்கிலீஷில் எழுத என்னிடம் வந்தார்கள். எழுதினேன். பதில் மூன்றாம் நாள் வந்தது. விருந்தாளிக் கணக்குக்குப் பொறுப்பில்லை என்று, மரியாதையாக, அச்சடித்த மாதிரி.

புதிதாகத் தொடங்குகிறேன் என்று உட்கார்ந்தான். பெயர் கேட்டது. பழைய பெயரையே போட்டான். அந்தப் பெயர் ஏற்கெனவே எடுக்கப்பட்டுவிட்டது என்று வந்தது.

"யாரு மாமா எடுத்தாங்க?" என்று என்னைக் கேட்டான்.