வேண்டும்போது மட்டும் வரும் உடன்படிக்கை

நம் நாட்டு நீதிமன்றங்கள் சர்வதேச உடன்படிக்கைகளை மதித்துப் பிரயோகிப்பதில் உலகுக்கே முன்மாதிரியாக விளங்குகின்றன என்று சட்டக் கருத்தரங்குகளில் புகழ்வது ஒரு சம்பிரதாயமாகவே ஆகிவிட்டது. விசாகா தீர்ப்பில் தொடங்கி வேலூர்த் தோல் ஆலைகள் பற்றிய தீர்ப்பில் முடியும் அந்தப் புகழுரையோடு, உடன்படிக்கைகளை ஒரு விதிக்குள் கட்டுப்படுத்தாமல் சந்தர்ப்பத்துக்குத் தக்கபடி எடுத்தாள்வதே நம் நீதிபதிகளின் மேதைமை என்ற சமாதானமும் இப்போது சேர்ந்திருக்கிறது. புகழுரையைப் பொறுத்துக்கொள்ளலாம், சமாதானத்தை ஒப்புக்கொள்ள முடியாது. அதிலும் மறைமலை நகரில் குடியிருந்துகொண்டு, ஒரகடத்துக்கும் சுங்குவார்சத்திரத்துக்கும் தொழிற்சாலை ஷிஃப்ட் பஸ்கள் விடிவதற்கு முன்பே புறப்படுவதைப் பார்த்துக்கொண்டிருப்பவனுக்கு அது எளிதில் ஜீரணமாவதில்லை.

நல்லதை முதலில் சொல்லிவிடுகிறேன். 1980இல் ஜாலி ஜார்ஜ் வர்கீஸ் வழக்கில், கடனைத் தீர்க்கச் சக்தியற்றவனைச் சிறையிலிடலாகாது என்று நீதிபதி கிருஷ்ணய்யர் எழுதியபோது, குடிமை மற்றும் அரசியல் உரிமைகளுக்கான சர்வதேச உடன்படிக்கையின் 11ஆம் விதி அவருக்குத் துணை நின்றது. 1997இல் நீதிபதி வர்மாவின் அமர்வு, பெண்களுக்கெதிரான பாகுபாட்டை ஒழிக்கும் உடன்படிக்கையை ஆதாரமாகக் கொண்டு விசாகா நெறிமுறைகளை வகுத்தது. 2013இல் சட்டம் பிறக்கும்வரை பணியிடத்தில் பெண்களுக்கு அதுவே காப்பு. பாலாற்றைக் கெடுத்த ஆலைகளின் மீது, மாசு செய்தவனே ஈடு செய்ய வேண்டும் என்ற கோட்பாட்டை 1996இல் நீதிபதி குல்தீப் சிங் பாய்ச்சியதால் விளைந்த நன்மையையும் நான் மறுக்கவில்லை.

ஆனால் விளைந்த நன்மை வேறு. அதை அடைந்த மார்க்கம் வேறு. வேலூர்த் தீர்ப்பு எதை ஆதாரமாகக் கொண்டது? அது துணைக்கொண்ட, 1992ஆம் ஆண்டு ரியோவில் செய்யப்பட்ட பிரகடனம் எந்த நாட்டையும் சட்டப்படி கட்டுப்படுத்துவதன்று. நிலைத்த வளர்ச்சி என்ற கருத்தின் அம்சங்களைச் சர்வதேசச் சட்ட அறிஞர்கள் இன்னும் முடிவு செய்யவில்லை என்பதை ஒப்புக்கொண்ட அதே மூச்சில், அது வழக்காற்றுச் சர்வதேசச் சட்டமாகிவிட்டது என்றும் அத்தீர்ப்பு சொல்லிவிட்டது. 2014இல் திருநங்கைகளின் உரிமை பற்றிய நால்சா தீர்ப்பு இன்னும் ஒருபடி மேலே சென்று, அரசுகள் அல்லாமல் நிபுணர்களே கூடி எழுதிய யோக்யகர்த்தா கோட்பாடுகளையும் பிரமாணமாக ஏற்றுக்கொண்டது. இரண்டு தீர்ப்புகளின் முடிவும் எனக்கு உவப்பானதே. கையெழுத்தில்லாத ஏடுகளுக்கு இத்தனை ஆதரவு கிடைக்குமானால், இந்தியா முறைப்படி சேர்ந்திருக்கும் உடன்படிக்கைகளுக்கு எத்தனை மதிப்புக் கிடைத்திருக்க வேண்டும் என்று எவரும் எதிர்பார்ப்பது இயல்புதானே!

அந்த எதிர்பார்ப்போடு 2003ஆம் ஆண்டுக்கு வருவோம். வேலைநிறுத்தம் செய்த ஒன்றரை லட்சத்துக்கும் மேற்பட்ட அரசு ஊழியர்களையும் ஆசிரியர்களையும் தமிழ்நாடு அரசு ஒரே வீச்சில் வேலையை விட்டு நீக்கிய அந்த ஜூலை மாதத்தை இன்னும் மறக்காத குடும்பங்கள் உண்டு. அந்த நீக்கத்தை எதிர்த்து எழுந்த டி.கே.ரங்கராஜன் எதிர் தமிழ்நாடு அரசு என்ற வழக்கில், வேலைநிறுத்தம் செய்ய அடிப்படை உரிமை இல்லை என்பதோடு நில்லாமல், சட்ட உரிமையும் இல்லை, தார்மிக உரிமையும் இல்லை என்று உச்ச நீதிமன்றம் கூறிற்று. பொருளாதார, சமூக, பண்பாட்டு உரிமைகளுக்கான சர்வதேச உடன்படிக்கையில் இந்தியா 1979இலேயே சேர்ந்துவிட்டது. அதன் 8ஆம் விதி வேலைநிறுத்த உரிமையைப் பெயர் சொல்லியே குறிப்பிடுகிறது. அந்தந்த நாட்டுச் சட்டங்களுக்கு இணங்க அது செலுத்தப்பட வேண்டும் என்ற நிபந்தனை அதில் உண்டு. அவ்விதி நம் அரசியலமைப்பின் 19ஆம் பிரிவுக்கு இணங்கவே பிரயோகிக்கப்படும் என்று இந்தியா செய்த அறிவிப்பும் உண்டு. அந்த நிபந்தனையாலும் அறிவிப்பாலும் 8ஆம் விதி வலுவிழந்துவிட்டது என்று நீதிமன்றம் கருதியிருக்கலாம். அது வாதத்துக்குரிய அபிப்பிராயம், முற்றிலும் தவறென்று சொல்லிவிட முடியாது. ஆனால் அப்படி ஒரு வாக்கியமும் அத்தீர்ப்பில் இல்லை. யோக்யகர்த்தாவுக்குக் கிடைத்த செவி நம் அரசே ஏற்றுக்கொண்ட உடன்படிக்கைக்குக் கிடைக்கவில்லை.

இதுதான் என் நெடுநாளைய ஆட்சேபம். சாப்பாட்டு இலையின் ஓரத்தில் வைத்த ஊறுகாயைப்போல, வேண்டுமென்றால் தொட்டுக்கொள்ளவும் வேண்டாமென்றால் ஒதுக்கிவிடவும் உரியதாகச் சர்வதேசச் சட்டம் நம் தீர்ப்புகளில் கிடக்கிறது. உள்நாட்டுச் சட்டத்தில் வெற்றிடம் இருந்து, உடன்படிக்கை அடிப்படை உரிமைகளோடு முரண்படாதிருந்தால் அதை ஏற்கலாம் என்று விசாகா ஒரு விதியைச் சொன்னது உண்மையே. வெற்றிடம் உண்டா இல்லையா என்பதை யார், எந்த அளவுகோலால் தீர்மானிப்பது என்பதை மட்டும் அது சொல்லவில்லை. ஆதலால் தன் மனத்தில் ஏற்கெனவே முடிவு செய்துவிட்ட நீதிபதி வெற்றிடத்தைக் காண விரும்பினால் காண்கிறார், விரும்பாவிட்டால் காண்பதில்லை.

இதன் பலன் எங்கே போய் விழுகிறது என்பதை ஒரகடம் நெடுஞ்சாலையில் காணலாம். 2008ஆம் ஆண்டு ஒப்பந்தப்படி தமிழ்நாடு அரசு தர வேண்டிய ஊக்கத்தொகை வரவில்லை என்று நிசான் நிறுவனம், 2011இல் நடைமுறைக்கு வந்த இந்திய–ஜப்பானியப் பொருளாதாரக் கூட்டாண்மை உடன்படிக்கையைக் காட்டி, 2017இல் சர்வதேச நடுவர் தீர்ப்பாயத்தை நாடியது. கோரிக்கை 5,000 கோடி ரூபாய்க்கு மேல். அந்த விசாரணையை நிறுத்தக் கோரி மத்திய அரசு சென்னை உயர் நீதிமன்றத்துக்கு வர வேண்டியதாயிற்று. 2020இல் விவகாரம் சமரசத்தில் முடிந்தது. கம்பெனி செய்ததில் குற்றமில்லை, உரிமை இருந்தது, செலுத்தியது. அதே வட்டாரத்தில், சுங்குவார்சத்திரம் சாம்சங் தொழிலாளர்கள் 2024 செப்டம்பர் 9 அன்று தொடங்கி 37 நாள் வேலைநிறுத்தம் செய்ததும், நிறுவனத்தின் பெயர் சங்கத்தின் பெயரில் வரக்கூடாதென்று ஆட்சேபம் எழுந்ததும், உயர் நீதிமன்றம் வரை போன பிறகே 2025 ஜனவரியில் சங்கம் பதிவானதும் நம் கண்முன் நடந்தவை. முன் அனுமதியின்றிச் சங்கம் அமைக்கலாம் என்பதே சர்வதேசத் தொழிலாளர் அமைப்பின் 87ஆம் உடன்படிக்கையின் உயிர்நாடி. அவ்வமைப்பில் 1919 முதல் உறுப்பு நாடான இந்தியா அதற்கு இன்றுவரை ஏற்புறுதி தரவில்லை. ஜெனீவாவில் உள்ள அவ்வமைப்பின் சங்க சுதந்திரக் குழுவுக்குப் புகார் எழுதலாம். அது தருவது சிபாரிசு, தீர்ப்பன்று. முதலீட்டாளருக்கு உள்நாட்டு நீதிமன்றத்தைத் தாண்டிச் செல்ல வழி இருக்கிறது. தொழிலாளிக்கு அந்த நீதிமன்றமே கதி, அங்கோ உடன்படிக்கையைக் கேட்பதும் கேளாததும் அமர்வின் மனோநிலையைப் பொறுத்திருக்கிறது.

இதற்கு ஐரோப்பாவைப்போல ஒரு மேல்நிலை நீதிமன்றம் வேண்டும் என்று நான் சொல்ல வரவில்லை. 1963இல் வான் கெண்ட் என் லோஸ் தீர்ப்பும் மறுவருஷம் கோஸ்டா தீர்ப்பும் கட்டிய அந்த மாளிகையில், உள்நாட்டு நீதிபதி தமக்குச் சந்தேகம் வந்தால் லக்ஸம்பர்கில் உள்ள ஐரோப்பிய நீதிமன்றத்தைக் கேட்டுத் தெரிந்துகொள்ள முறை உண்டு. நம் அரசியலமைப்பில் அதற்கு இடமில்லை, வருவதற்கான அறிகுறியும் இல்லை. ஆனால் காரணம் சொல்ல வேண்டும் என்ற கடமைக்கு லக்ஸம்பர்க் தேவையில்லை. சென்னை உயர் நீதிமன்றமே அதை ஒருமுறை செய்து காட்டியிருக்கிறது. காப்புரிமைச் சட்டத்தின் 3(டி) பிரிவு டிரிப்ஸ் உடன்படிக்கைக்கு முரணானது என்று நொவார்ட்டிஸ் மருந்து நிறுவனம் வாதித்தபோது, அதை முடிவு செய்யும் அதிகாரம் தனக்கில்லை என்றும், உலக வர்த்தக அமைப்பின் தகராறு தீர்க்கும் ஏற்பாடே அதற்குரிய இடம் என்றும் 2007 ஆகஸ்டில் நீதிபதிகள் ஆர்.பாலசுப்பிரமணியனும் பிரபா ஸ்ரீதேவனும் விரிவாக எழுதினார்கள். உடன்படிக்கையை அவர்கள் ஏற்கவில்லை. ஏன் ஏற்கவில்லை என்பது எவரும் வாசித்துத் தர்க்கிக்கத்தக்க வகையில் அங்கே இருக்கிறது. விசாகாவைவிட அந்தத் தீர்ப்பையே நான் உயர்வாகக் கருதுகிறேன்; இதைக் கேட்டு நண்பர்கள் சிலர் முகம் சுளிப்பார்கள் என்பது தெரியும்.

2025 நவம்பரில் நடைமுறைக்கு வந்த தொழில் உறவுச் சட்டத் தொகுப்பின்படி, எந்தத் தொழிற்சாலையிலும் 14 நாள் முன்னறிவிப்பின்றி வேலைநிறுத்தம் செய்ய முடியாது. ஐம்பது சதவீதம் பேரோ அதற்கு மேற்பட்டவர்களோ ஒரே நாளில் சேர்ந்து தற்செயல் விடுப்பு எடுத்தாலே அதுவும் வேலைநிறுத்தம். இந்த விதிகளுக்கு வியாக்கியானம் தேடி ஒரு வழக்கு ஒரகடத்திலிருந்தோ ஸ்ரீபெரும்புதூரிலிருந்தோ கிளம்பி உயர் நீதிமன்றத்துக்கு வரத்தான் போகிறது. தொழிலாளி தரப்பு வழக்கறிஞர் பொருளாதார, சமூக, பண்பாட்டு உரிமைகளுக்கான உடன்படிக்கையின் 8ஆம் விதியை மனுவின் முதல் பக்கத்திலேயே எழுப்ப வேண்டும். நீதிமன்றம் அதை ஏற்கட்டும், அல்லது இந்தியாவின் அறிவிப்பைக் காட்டித் தள்ளட்டும். 2007இல் ஒரு மருந்துக் கம்பெனிக்கு அந்த அளவுக்காவது பதில் கிடைத்தது.