உறுமியில் இறங்கும் வீரர்கள்

உறுமி மேளத்தை ரசிக்க நினைப்பவர் முதலில் அடியை விட்டுவிட்டுத் தேய்ப்பைக் கேட்க வேண்டும். இடுப்பு ஒடுங்கிய மரக்கூடு, இரண்டு பக்கமும் தோல். வலப்பக்கத்தை மெல்லிய நேர்க்குச்சியால் அடிப்பார்கள். அது தாளம், யாருக்கும் பிடிபடும். இடப்பக்கத்தில்தான் வித்தை. வளைந்த குச்சியைத் தோலில் அழுத்தி இழுக்கும்போது, கன்றைப் பறிகொடுத்த பசு இரவில் கத்துவதுபோல் ஒரு குரல் அடியிலிருந்து எழும்பும். மணிக்கட்டு கொஞ்சம் இறுகினால் ஒலியில் கீறல் விழும். கொஞ்சம் தளர்ந்தால் வெறும் சரசரப்பு. நல்ல கைகாரர் இந்த இரண்டுக்கும் நடுவில் அந்தக் குரலை ஒரு மூச்சு நேரம் நிறுத்தி வைப்பார்.

தமிழ்நாட்டில் இந்தக் கருவி தேவராட்டத்தில் தேவதுந்துபி என்ற பெயரில் ஒலிக்கிறது. மலேசியாவின் பேராக் மாநிலத்தில் அதற்கு வாய்த்த வேலை வேறு. பம்பையும் தவிலும் தப்பும் சேர, இங்கே அது சாமியை அழைக்கிறது. அழைக்கப்படும் சாமிகளில் பாதிப் பேர் ஒரு காலத்தில் மனிதர்கள்.

1877-இல் பேராக்கின் கோலகங்சாரில் சில ரப்பர் கன்றுகள் நடப்பட்டன. பிறகு காடு அழிந்து தோட்டம் ஆனது. கங்காணி கூட்டிவந்த சனம் லயங்களில் இறங்கியது. சாமியும் பிடிமண்ணாகக் கூடவே கப்பலேறியது. லயத்துக்கு நடுவில் மாரியம்மன். நிரை முடிந்து காடு தொடங்கும் எல்லையில், மரத்தடியில் ஒரு கல்லும் சூலமும்: முனியாண்டி. பக்கத்திலேயே மதுரை வீரன், வெள்ளைக் குதிரை, முறுக்கிய மீசை. விடியுமுன் நெற்றி விளக்கோடு பால் வெட்டப் போனவர்களுக்கு எல்லைச் சாமி எதற்கு என்று விளக்கம் தேவைப்படவில்லை. பாம்பும் புலியும் இருந்த காடு அது.

கிரேக்கக் கதை படித்தவர்களுக்கு மதுரை வீரன் பழக்கமானவனாகவே தெரிவான். காசி ராஜாவுக்கு மாலை சுற்றிப் பிறந்த பிள்ளை. குலத்துக்கு ஆகாது என்று காட்டில் விடப்படுகிறான். செருப்புத் தைக்கும் தம்பதி எடுத்து வளர்க்கிறார்கள். அங்கே ஈடிபஸைக் கணுக்காலைத் துளைத்து மலையில் விடச் சொல்கிறார்கள். ட்ராய் நகரத்துப் பாரிஸை இடையர் வளர்க்கிறார். வீரன் அரச வாரிசு என்பது பிற்காலத்து ஒட்டு என்று ஆய்வாளர் பலர் சொல்கிறார்கள். எனக்கும் அப்படித்தான் படுகிறது. தாழ்ந்தவனாகப் பிறந்தவன் இவ்வளவு வீரனாக இருப்பதைப் பொறுக்காத யாரோ ஒருவர், காசியிலிருந்து ஒரு அப்பாவை வரவழைத்துவிட்டார்.

சாவில்தான் பாதை பிரிகிறது. விஷம் தோய்ந்த ஆடையில் வெந்துபோன ஹெராக்ளீஸ் தானே சிதை ஏறி ஒலிம்பஸுக்குப் போய்விடுகிறான். வீரனுக்கு மாறுகால் மாறுகை வாங்குகிறார்கள். இன்னொரு கதைப்பாடல் வீரனான காத்தவராயன் ஆரியமாலையை விரும்பியதற்காகக் கழுமரம் ஏறுகிறான். இவர்கள் மேலே போகவில்லை. மதுரையில் மீனாட்சியம்மன் கோயிலின் கிழக்கு வாசலில் வீரன் இன்றும் காவல் நிற்கிறான். கிரேக்கத்திலும் ஒலிம்பஸ் தெய்வங்களுக்கான படையலின் புகை வானத்துக்குப் போனது. மாண்ட வீரர்களுக்குச் சில இடங்களில் ரத்தத்தை மண்ணில்தான் ஊற்றினார்கள். பேராக்கின் ஈப்போவிலும் அதே பிரிவினை உண்டு. கல்லுமலை சுப்பிரமணியருக்குப் பால். எல்லையில் இருக்கிற முனிக்குச் சுருட்டு, சாராயம், சேவல்.

பாட்டு எப்படிப் போகிறது என்று பாருங்கள். முதலில் பிள்ளையாருக்கு ஒரு வணக்கம், அதைச் சட்டென்று முடித்துவிடுவார்கள். பிறகு வர்ணிப்பு. ஒருவர் அடி எடுத்துக் கொடுக்க, குழு வாங்கிப் பாடும். வீரனின் மீசைக்கு, வாளுக்கு, குதிரைக்கு என்று அடுக்கிக்கொண்டே வருவார்கள். சில அடைமொழிகள் திரும்பத் திரும்ப வரும். அதைக் குறை என்று நினைப்பவர் ஹோமரையும் குறை சொல்ல வேண்டியிருக்கும். ஹார்வர்டின் மில்மன் பாரி 1933 முதல் 1935 வரை யூகோஸ்லாவியாவில் கிராமத்துப் பாடகர்களை அலுமினியத் தட்டுகளில் பதிவு செய்தார். எழுதப் படிக்கத் தெரியாத கசாப்புக்காரரான அவ்தோ மெஜெதோவிச், 12,000 அடிகளுக்கு மேல் நீளும் ஒரே காவியத்தைச் சொல்லி முடித்தார். ஆயத்தமான சொற்றொடர்களை அடுக்கித்தான் இத்தனை பெரிய கதையைப் பாடகர் நின்ற இடத்திலேயே கட்டுகிறார், ஹோமரின் காவியங்களும் அப்படிப் பிறந்தவையே என்பது பாரி கண்ட முடிவு. நம் வர்ணிப்பும் அதே தொழில்தான். அடைமொழி வரும் நேரத்தில் பாடகர் அடுத்த அடியை யோசித்துக்கொள்கிறார்; கேட்பவர் மனத்தில் சாமி ஓர் அடி கிட்டே வருகிறது.

பம்பை மெல்ல மேலேறும். உறுமி மட்டும் அவசரப்படாது. கூட்டத்தில் ஒருவருக்கு முதலில் தோள் நடுங்கும், அப்புறம் முழங்கால். பூசாரி விபூதியை நெற்றியில் அழுத்தி, “வந்திருக்கிறது யாரு? பேரைச் சொல்லு சாமி” என்று கேட்பார். அந்த நேரத்தில் தேர்ந்த குழு அடியைக் குறைத்துவிட்டுத் தேய்ப்பை மட்டும் ஓடவிடும், பதில் காதில் விழ வேண்டுமே. அரைகுறைக் குழு அப்போதுதான் இன்னும் ஓங்கி அடிக்கும். ஒரு குழுவின் தரத்தை எடைபோட எனக்கு இந்த ஓர் இடம் போதும்.

இன்றைய குழுக்களைப் பற்றியும் ஒரு வார்த்தை. தைப்பூசத்தன்று ஈப்போவின் புந்தோங் சுங்கை பாரி மாரியம்மன் கோயிலிலிருந்து கல்லுமலைக்குக் காவடிகள் போகும்போது ஒரே நிறச் சட்டை போட்ட இளைஞர் குழுக்கள் வரிசையாகக் கடந்து போவார்கள். சட்டையைப் பற்றி எனக்கு ஒரு புகாரும் இல்லை. பிள்ளைகள் இந்தக் கருவியைத் தோளில் மாட்டிக்கொண்டதால்தான் அது உயிரோடு இருக்கிறது. மழைநாட்டு ஈரத்தில் தோல் தொய்கிறது என்று பிளாஸ்டிக்குக்கு மாறுகிறார்கள்; பம்பைக்கு அதைப் பொறுத்துக்கொள்ளலாம், உறுமியின் இடப்பக்கத்துக்கு மனம் ஒப்பவில்லை. பெரிய இழப்பு சொல்லில்தான். மைக் வைத்து அடித்தால் கதை மூழ்கிவிடுகிறது. சினிமா மெட்டில் நாலு வரி, பிறகு வெறும் அடி. வீரன் எதற்காகச் செத்தான் என்பது இருபது வயது வாத்தியக்காரருக்கே தெரியாமல் போகிறது. தெரிந்தாலும் பெரும்பாலும் எம்.ஜி.ஆரின் 1956 படத்து வழியாகத்தான்; காத்தவராயனுக்கு 1958-இல் வந்த சிவாஜி படம்.

புந்தோங்கின் கச்சாங் பூத்தே கடைகளிலும், சுங்கை சிப்புட் பக்கத்து வீடமைப்புப் பகுதிகளிலும் ஒரு காலத்தில் தோட்டத்துத் திருவிழாவில் விடிய விடியப் பாடியவர்கள் இன்னும் இருக்கிறார்கள். ரப்பர் செம்பனையாக மாறியது, லயம் இடிந்தது, கோயிலை மட்டும் செம்பனைக்கு நடுவில் விட்டுவிட்டு இவர்கள் பட்டணத்துக்கு வந்துவிட்டார்கள். வீரன் மணந்த பொம்மியின் கதையை, காத்தவராயனின் கழுமரத்தைக் கடைசி வரை பாடத் தெரிந்தவர்கள் இவர்கள்தான். இவர்களைப் பதிவு செய்ய ஹார்வர்டிலிருந்து யாரும் வரப்போவதில்லை. உங்கள் தாத்தாவோ பக்கத்து வீட்டுப் பெரியவரோ அப்படி ஒருவராக இருந்தால், திருவிழா இரைச்சல் இல்லாத ஒரு நாளாகப் பார்த்து, ஒரு உறுமிக்காரரை மட்டும் துணைக்கு வைத்துக்கொண்டு, முதலிலிருந்து முடிவு வரை பாடச் சொல்லிக் கைப்பேசியில் பிடியுங்கள். நடுவில் நிறுத்திக் கேள்வி கேட்காதீர்கள். ஒரு பிரதியை ஊர்த் தமிழ்ப்பள்ளி நூலகத்திலும் கொடுத்து வையுங்கள்.