சுருதி மட்டும் இசையாகுமா?

கச்சேரியில் தம்புராவை யாரும் தனியே கேட்பதில்லை. அது நின்றுவிட்டாலோ, ஏதோ குறைந்ததென எல்லாரும் உணர்வர். அத்தகைய பின்னொலியையே முழு இசையாக்க முயன்றவர் ஆங்கில இசையாளர் பிரையன் ஈனோ. 'ஆம்பியண்ட்' என 1978-இல் அவர் பெயரிட்ட இதனைச் 'சூழலிசை' எனலாம். கூர்ந்து கேட்பார்க்கும் அது சுவை தரவேண்டும். கேளாதிருப்பார்க்கு இடையூறாகவும் கூடாது என்பதே அவர் வகுத்த இலக்கணம். இது கலைக்குப் பெருமையா, இழுக்கா?

1975-இல் விபத்தில் அடிபட்டு ஈனோ படுக்கையிற் கிடந்தார். தோழி கொணர்ந்த யாழிசைத் தட்டு மிகத் தாழ்ந்த ஒலியிற் சுழன்றது. எழுந்து கூட்டவும் வலுவில்லை. வெளியே பெய்த மழையினூடே சில நரம்புகளே செவிக்கெட்டின. மழையும் யாழும் ஒரே இசையாக அவருக்குப் பட்டன. பிரிஞ்சாங்கில் பனி இறங்கும் மாலையில், தேயிலைச் சரிவில் நின்று கோயில் மணியைக் கேட்டவர்க்கு இவ்வனுபவம் புதிதன்று.

விமான நிலையங்களுக்கென 1978-இல் அவர் வெளியிட்ட இசைத்தட்டின் ஒரு பகுதியில், ஒலிநாடாக்கள் வளையங்களாகச் சுழல்கின்றன. ஒரு குரல் 23½ வினாடிக்கொருமுறையும், மற்றொன்று 25⅞ வினாடிக்கொருமுறையும் திரும்புகிறது. அளவுகள் எளிதில் ஒன்றாதலால் அல்ல, ஒன்றாமையாலேயே கோவை மாறிக்கொண்டே இருக்கிறது. 2006-இல் இதே முறையை அவர் கண்ணுக்கும் விரித்தார். கையால் தீட்டிய படங்களைக் கணினி ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கி மெல்லக் கரைக்க, உடன் ஒலியும் மாறுகிறது. '7 கோடியே 70 லட்சம் ஓவியங்கள்' என்பது அதன் பெயர். 2009-இல் அவ்வொளி சிட்னி இசையரங்கின் கூரைமீதும் படர்ந்தது.

குறையொன்றுண்டு. தம்புரா பாடகனைத் தாங்குகிறது. அதன்மேல் இராகம் வளர்கிறது. ஈனோவின் சுருதிக்குத் தாங்கப் பாடகன் இல்லை. உள்ளத்தை அடக்கி அமைதிப்படுத்துவதே இசையின் பயன் என்று, ஈனோ போற்றிய ஜான் கேஜுக்கு 1946-இல் நம் நாட்டுக் கீதா சாராபாய் எடுத்துரைத்தார். ஆனால், அமைதியுற்ற உள்ளம் வேறு. உறங்கிய உள்ளம் வேறு. தனி இசைத்தட்டாக ஒலிக்கையில், சூழலிசை வீட்டுத் தட்டுமுட்டுகளுள் ஒன்றாகிவிடக் கூடும். ஓவியத்தோடு இணைகையிலோ கண் ஓரிடத்தில் நிலைக்க, செவியும் அங்கே தங்குகிறது. அவ்வகையில் 2006-ஆம் ஆண்டுப் படைப்பே சிறந்தது என்பது எம் கருத்து.

பாடகன் இல்லா இடத்தைக் கேட்பவனே நிரப்ப வேண்டும். நிரப்பினால் அது இசை. இன்றேல் வெறும் ஓசை.