அடி வாங்கத் தெரிந்தவர்

ஹாங்காங் குங்ஃபூ படங்களின் வரலாற்றை நாயகர்களின் பெயரால் பிரிப்பதே வழக்கம்: க்வான் தக்-ஹிங் காலம், புரூஸ் லீ காலம், ஜாக்கி சான் காலம். இந்த மூவரையும் திரையில் எதிர்த்து நின்றவர் ஒருவர் உண்டு. அவர் ஷி கியென். கான்டனீஸ் ரசிகர்களுக்குச் செக் கின். அந்த மரபின் தரத்தை அளக்க நாயகர்களைவிட அவரே நல்ல அளவுகோல் என்பேன். வீசிய கையில் வலு இருந்ததா என்பதை, அடி வாங்குகிறவர் உடம்புதான் நமக்குச் சொல்கிறது.

1913இல் பிறந்த ஷி கியென், சின் வூ தற்காப்புக்கலைக் கழகத்தில் பல ஆண்டுகள் பயின்று, கற்றுக்கொடுக்கும் தகுதியும் பெற்றவர். திரைக்கு வந்தது 1940இல். அன்றைய கான்டனீஸ் சண்டைப் படங்கள் ஓபரா மேடையின் பிள்ளைகள். தாளத்துக்கு ஆயுதங்கள் மோதும், கரணம் உண்டு, அடி விழாது. மந்திர வாள்வீரர் கதைகளிலோ உள்ளங்கையிலிருந்து பாயும் ஒளியைப் படச்சுருளிலேயே வரைந்துவிடுவார்கள்.

1949இல் இயக்குநர் வூ பாங் தொடங்கிய வோங் ஃபெய்-ஹுங் வரிசை இதை மாற்றியது. வோங் 1920களில் மறைந்த குவாங்டாங் குங்ஃபூ ஆசான், வைத்தியர். அவருடைய சீடர் லாம் சாய்-விங். லாமிடம் கற்ற லாவ் சாம், இந்தப் படங்களில் தன் ஆசானின் வேடத்தையே ஏற்றார். குரு பரம்பரையே கேமரா முன் வந்து நின்றபின் பொய்யடிக்கு இடமேது? வோங்காக நடித்த க்வான் ஓபரா நடிகர், வெண்கொக்குக் குங்ஃபூ பாணி அறிந்தவர். அவருக்கு எதிரே, படத்துக்குப் படம் வேறு பெயரில், வில்லனாக ஷி கியென்.

இந்த வேடம் லேசானதல்ல. வோங் பொறுமையே உருவான ஆசான். தானாகக் கை ஓங்கமாட்டார். ஆகவே சண்டைக்கு நியாயம் உண்டாக்குவது வில்லன் பொறுப்பு. ஷி கியென் அதை ஏளனச் சிரிப்பாலும் புருவத்தாலும் செய்தார். சண்டை தொடங்கியதும் வேறு கலை வேண்டும். கேமரா அதிகம் நகராது, காட்சி வெட்டும் குறைவு. ஆசானின் முறை முழுதாகத் தெரியும்படி சரியான உயரத்தில் குத்தைக் கொடுத்து, சரியான கணத்தில் நிலைகுலைய வேண்டும். 1956இல் மட்டும் இந்த வரிசையில் சுமார் இருபத்தைந்து படங்கள் வந்தன. இத்தனை வேகத்திலும் அவர் கால்வைப்பு அலட்சியமாகத் தெரியாது. ‘பொல்லாத கின்’ என்பதே ஊர் அவருக்கு வைத்த பெயர்.

அறுபதுகளில் மாண்டரின் படங்கள் ஓங்கின. இயக்குநர் கிங் ஹூவின் படங்களுக்குச் சண்டை அமைத்த ஹான் யிங்-சியே பெய்ஜிங் ஓபராவில் வளர்ந்தவர்; துள்ளலும் திடீர் அசைவின்மையும் அந்தப் பள்ளியின் முத்திரை. ‘தி பிக் பாஸ்’ (1971) படத்தில் புரூஸ் லீயிடம் தோற்கும் முதலாளியும் அவரே. லீயின் நேரடி வேகத்துக்கு முன்னால் அந்த மேடை நேர்த்தி சற்றுப் பழசாகவே எனக்குப் படுகிறது.

இரண்டாண்டு கழித்து லீயின் ‘என்டர் தி டிராகன்’ படத்தில் வில்லன் ஹானாக வந்தபோது ஷி கியெனுக்கு அறுபது வயதை ஒட்டியிருந்தது. ஆங்கில வசனத்துக்குக் குரல் கொடுத்தவர் கீ லூக். தன் குரல் இல்லாமல், ஒரு கைக்குப் பதில் இரும்பு நகங்களோடு, உலகின் மிக வேகமான நடிகரை அவர் எதிர்கொள்கிறார். வேகத்தில் போட்டியிடவே முயலவில்லை. நிமிர்ந்த முதுகு, அவசரமில்லாத நடை, விழுந்தும் குறையாத மிடுக்கு. கண்ணாடி அறைச் சண்டையில் லீயை மட்டும் பார்த்தவர்கள், அடுத்த முறை ஹானின் தோள்களைப் பாருங்கள். ஒவ்வொரு உதையும் எங்கே இறங்கியது என்று அவை காட்டும்.

1980இல் ஜாக்கி சான் இயக்கிய ‘தி யங் மாஸ்டர்’ படத்தில் ஷி கியென் வில்லனே அல்ல, காவல் தலைவர். அதே படத்தில் கொரிய ஹாப்கிடோ வீரர் ஹ்வாங் இன்-ஷிக் ஜாக்கியை ஈவிரக்கமில்லாமல் உதைக்கிறார்; ஷி கியெனோ அதே ஜாக்கியுடன் சிரிக்கச் சிரிக்கச் சண்டையிடுகிறார். பயம் உண்டாக்கப் பயன்பட்ட அதே காலக்கணக்கு இங்கே நகைச்சுவைக்குப் பயன்பட்டது. 2003இல் ஹாங்காங் திரைப்பட விருது விழா அவருக்குத் தொழில் சாதனை விருது வழங்கியது. தொண்ணூறு வயதுவரை காத்திருக்கவைத்த விருது அது; ஐம்பதுகளிலேயே அவர் அதற்குத் தகுதி பெற்றுவிட்டார்.